லேடி வாய்ஸுக்குள் ஒளிந்திருந்த திக்கல்: கடலூர்ப் பக்கத்துக் கூத்துக் கலைஞர் ஒருவரின் நிகழ்வு ஆய்வு

நான் கடலூரில் உளவியல் ஆலோசகராக வேலை பார்க்கிறேன். தெருக்கூத்தில் பெண் வேஷம் கட்டும் ஓர் இளைஞருக்கு நடந்ததை இங்கே பதிவு செய்கிறேன். முழுவதையும் அவர் படித்துப் பார்த்துச் சம்மதித்த பிறகே இது வெளிவருகிறது. ஊர், வயது, குடும்ப விவரங்களில் சிலவற்றை அடையாளம் தெரியாதபடி மாற்றியிருக்கிறேன். நடந்தவற்றின் வரிசையை மாற்றவில்லை.

அவரை அழைத்து வந்தவர்கள் சொன்ன குறை ஒன்று, அவர் உள்ளுக்குள் சுமந்தது வேறொன்று. "ஆம்பளப் புள்ள பொம்பள மாதிரி பேசுறான், அத நிறுத்தணும்" என்றார்கள். அந்தக் கோரிக்கையை அப்படியே ஏற்றிருந்தால், அவர் பேசுவதற்கு இருந்த ஒரே வழியையும் பிடுங்கியிருப்போம். ஆசிரியர்களும் ஆலோசகர்களும் கூத்து வாத்தியார்களும் வீட்டுப் பெரியவர்களும் இதைப் படிக்க வேண்டும் என்று நினைப்பதற்கு அதுதான் காரணம்.

பின்னணி

இளைஞருக்கு 29 வயது. கடலூருக்கும் பண்ருட்டிக்கும் இடையில் உள்ள ஒரு கிராமம். அப்பா கூத்தில் மிருதங்கம் வாசித்தவர், சில ஆண்டுகளுக்கு முன் இறந்துவிட்டார். வீட்டில் அம்மா, அண்ணன், அண்ணி.

நான்கு வயதில் அவருக்குத் திக்கல் தொடங்கியதாக அம்மா சொன்னார். திக்கல் பெரும்பாலும் இரண்டு வயதுக்கும் ஐந்து வயதுக்கும் நடுவில்தான் தலைகாட்டும். நிறையக் குழந்தைகளுக்குத் தானாகவே சரியாகிவிடும், இவருக்கு ஆகவில்லை. வசம்பு தேய்த்துப் பார்த்தார்கள், கோயிலுக்கு வேண்டிக்கொண்டார்கள், கூழாங்கல்லை வாயில் போட்டுப் பேசச் சொன்னார்கள். பேச்சுப் பயிற்சியாளர் என்று ஒருவர் இருப்பதே அந்த வீட்டுக்குத் தெரியாது.

பள்ளியில் வருகைப் பதிவுதான் தினசரிச் சோதனை. தன் பெயரைக் கூப்பிட்டதும் "உள்ளேன் ஐயா" சொல்ல வேண்டும். அந்த "உ"விலேயே தொண்டை அடைத்துக்கொள்ளும். வகுப்பு சிரிக்கும். ஒரு ஆசிரியர் அவரைப் பெயர் சொல்லியே கூப்பிட மாட்டார், "ஏ திக்குவாயா" என்பார். ஆறாம் வகுப்புக்குள் கையை மட்டும் உயர்த்திவிட்டு உட்காரப் பழகிக்கொண்டார். வீட்டுப்பாடத்தை முடித்துவிட்டே "செய்யல" என்று தலையாட்டி அடி வாங்கியிருக்கிறார். செய்தேன் என்றால் எழுந்து நின்று படித்துக் காட்ட வேண்டுமே!

எட்டாம் வகுப்பு விடுமுறையில் ஊர்த் திரௌபதி அம்மன் கோயில் திருவிழா. பகலில் பாரதப் பிரசங்கம், இரவில் கூத்து. கூத்துக் குழுவான ஜமாவில் தோழி வேஷம் கட்ட வேண்டிய பையன் வரவில்லை. குரல் இன்னும் உடையாத இவரை, மிருதங்கக்காரர் மகன் என்பதால், வாத்தியார் பிடித்து உட்காரவைத்து அரிதாரம் பூசினார். இரண்டு பாட்டும் நாலு வரி வசனமும்தான். பெண்குரலில் சொன்னார். திக்கவே இல்லை. "எனக்கே யாரோ பேசுற மாதிரி இருந்துச்சு" என்று பிற்பாடு எனக்கு எழுதிக் காட்டினார்.

இருபது வயதில் அந்த ஜமாவின் பாஞ்சாலி அவர்தான். துகில் உரியும் இரவில் இவருக்குக் கற்பூரம் காட்டிக் கும்பிட்ட பெண்கள், மறுநாள் காலையில் தெருவில் பார்த்து நலம் விசாரித்தால் இவர் சிரித்துவிட்டு நகர்ந்துவிடுவார். கர்வம் என்று ஊரில் பேச்சு.

2020 மார்ச்சில் ஊரடங்கு வந்தது. பங்குனியிலிருந்து ஆடி வரை ஓடும் கூத்துக் காலம் அந்த ஆண்டும் அடுத்த ஆண்டும் படுத்துவிட்டது. வருமானம் நின்றது. புதுச்சேரியில் வாட்ஸ்அப் வழியாகப் புடவை விற்கும் ஒரு கடையில் வேலைக்குச் சேர்ந்தார். பார்சல் கட்டும் வேலைதான் முதலில். ஒரு நாள் முதலாளி இல்லாத நேரத்தில் போன் அடித்துக்கொண்டே இருந்தது. எடுத்தார். பெண்குரலில் பேசினார். ஆர்டர் பிடித்தார். வாடிக்கையாளர்களுக்கு அவரை "கடை அக்கா" என்று பிடித்துப்போயிற்று. முதலாளி சம்பளத்தைக் கூட்டி அவரைப் போனில் உட்காரவைத்தார்.

அப்புறம் அந்தக் குரல் கடையோடு நிற்கவில்லை. கேஸ் பதிவு, மின்வாரியப் புகார், கூரியர், எதுவானாலும் லேடி வாய்ஸ். சொந்தக் குரலில் பேசும் நேரம் குறைந்துகொண்டே வந்தது. கணக்கில் ஏதோ கோளாறு என்று வங்கிக்குப் போன் செய்தபோது, ஆண் பெயரில் உள்ள கணக்குக்குப் பெண்குரல் கேட்டதும் எதிர்முனையில் விவரம் தர மறுத்துவிட்டார்கள். நேரில் போய்ப் பேச முடியாமல் சம்பளப் பணத்தைப் பல வாரம் எடுக்காமலே இருந்திருக்கிறார்.

எங்களிடம் வரக் காரணமான இரண்டு சம்பவங்கள்

அம்மாவுக்கு நெஞ்சுவலி வந்து ஒரு மருத்துவமனையில் சேர்த்தார்கள். அண்ணன் வெளியூரில். மருந்து வாங்கப் போய்த் திரும்பியவருக்கு, அம்மாவை வேறு வார்டுக்கு மாற்றியது தெரியவில்லை. விசாரணைக் கவுன்ட்டரில் வரிசையில் நின்றார். முறை வந்ததும் அம்மா பெயர் வாயில் வரவில்லை. பின்னால் நின்றவர்கள் நெருக்கினார்கள், கவுன்ட்டரில் இருந்தவர் அடுத்த ஆளைக் கூப்பிட்டுவிட்டார். இவர் வெளியே வந்து, வாசலில் நிறுத்தியிருந்த ஆட்டோக்களுக்குப் பின்னால் நின்று, அதே மருத்துவமனைக்குப் போன் போட்டு, பெண்குரலில், "அவங்க மகள் பேசுறேன், எந்த வார்டு?" என்று கேட்டுத் தெரிந்துகொண்டார். அன்றிரவு முதல் தூக்கம் போனது. மார்பு படபடப்பு, கை நடுக்கம், கூட்டத்துக்குள் போனால் மூச்சுத் திணறல் எல்லாம் தொடங்கின.

இரண்டாவது சம்பவம் கல்யாணப் பேச்சில். சிதம்பரம் பக்கத்தில் ஒரு வரன் கூடி வந்தது. பெண்ணின் அண்ணன் மாப்பிள்ளையோடு பேச நினைத்து அவர் எண்ணுக்கு அழைத்தார். பழக்கத்தில் இவர் பெண்குரலில் "ஹலோ" சொல்லிவிட்டார். "அவர் இல்லையே" என்றும் சொல்லிவிட்டார். வேறு பெண் வீட்டில் இருக்கிறாள் என்று வரனை முறித்தார்கள். இவருடைய அண்ணன் கோபத்தில் உண்மையைப் போட்டு உடைத்தார், "அது இவன்தான் பேசினது." ஊரில் பேச்சு திசை மாறியது. "கூவாகத்துக்கு அனுப்ப வேண்டிய ஆளு" என்று டீக்கடையில் பேசினார்கள். அது இவருக்கும் அவமதிப்பு, கூவாகம் போகும் திருநங்கைகளுக்கும் அவமதிப்பு.

"ஆம்பளத்தனம் வரவைக்கிறேன்" என்று மருந்து கொடுக்கும் ஒருவரிடம் குடும்பம் முதலில் போயிருக்கிறது. பணம் கரைந்ததுதான் மிச்சம். எங்களைப் பற்றிச் சொன்னவர் அண்ணி.

முதல் சந்திப்புகளில் கவனித்தவை

அம்மாவும் அண்ணனும் பேசினார்கள். இவர் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். பெயர் கேட்டேன். சட்டைப் பையிலிருந்து ஆதார் அட்டையை எடுத்து மேஜைமேல் வைத்தார்.

திக்கல் உள்ளவர்களோடு பழகியவர்களுக்கு அந்த ஒரு செயல் போதும். திக்குபவர்கள் பலருக்கு எல்லாச் சொல்லையும்விடச் சொந்தப் பெயர் கடினம். மற்ற சொல் சிக்கினால் வேறு சொல் போட்டுச் சமாளிக்கலாம், "தண்ணி" வராவிட்டால் "குடிக்க ஏதாவது" என்று கேட்கலாம். பெயருக்கு மாற்றுச் சொல் கிடையாது. வீட்டார் யாரும் அதுவரை திக்கலைக் குறிப்பிடவே இல்லை. கேட்டபோது அம்மா, "அது சின்ன வயசுல இருந்துச்சு மேடம், இப்பல்லாம் இல்ல" என்றார். இல்லாமல் போகவில்லை. மகன் பேசுவதை நிறுத்தியிருந்தார்.

மற்றவர்களை வெளியே உட்காரச் சொல்லிவிட்டுத் தாளும் பேனாவும் கொடுத்தேன். எப்படி வேண்டுமானாலும் பேசலாம், எழுதலாம், அவசரமில்லை என்றேன். எழுதினார். கொஞ்ச நேரம் கழித்துப் பெண்குரலில் பேசினார். தெளிவான, அழகான பேச்சு. கடைசியில் சொந்தக் குரலில் ஒரு வாக்கியம் முயன்றார். உதடு ஒட்டிக்கொண்டது, கண் இறுக மூடியது, தாடை வெட்டி இழுத்தது, மூச்சு பாதியில் நின்றது. அந்த ஒரு வாக்கியம் முடிவதற்குள் சட்டை நனைந்துவிட்டது.

மனச்சோர்வை அளக்கும் பி.எச்.க்யூ-9 கேள்வித்தாளில் 27-க்கு 16 வந்தது. 15-லிருந்து 19 வரை ஓரளவு கடுமையான மனச்சோர்வு என்று கொள்வார்கள். ஒன்பதாவது கேள்வி சாவைப் பற்றிய எண்ணம். "சில நாள்" என்று குறித்திருந்தார். நேரடியாகக் கேட்டேன். திட்டம் எதுவும் இல்லை, ஆனால் "தூங்கி எழாம இருந்தா நல்லாருக்கும்" என்ற நினைப்பு வருவதாக எழுதினார். அண்ணியிடம் சொல்ல அனுமதி கேட்டேன், கொடுத்தார். எந்த நேரமும் இலவசமாக அழைக்கக்கூடிய அரசு மனநல உதவி எண்ணான டெலி மனஸ் 14416-ஐக் கொடுத்தேன். ஆனால் போனில் பேசுவதே பயமான ஒருவருக்கு உதவி எண் எப்படிப் போதும்? அதனால் ராத்திரியில் எண்ணம் முற்றினால் அண்ணிக்கு ஒரு மிஸ்டு கால் கொடுத்தால் போதும், அவர் எழுந்து வருவார் என்று பேசிவைத்தோம். மனநல மருத்துவர் ஒருவர் பார்த்துக் குறைந்த அளவு மருந்து தொடங்கினார்.

குரலும் கரகரத்திருந்தது. ஆண்களின் பேச்சுக்குரல் விநாடிக்குச் சுமார் 120 அதிர்வு, பெண்களுடையது 200-க்குக் கொஞ்சம் மேல். தன் இயல்புக்கு மேலே குரலை ஏற்றி நாள் முழுக்கப் போனில் பேசுவது தொண்டைத் தசைக்குப் பெரிய பளு. கூத்தில் ஒரு இரவு ஏற்றிப் பாடினால் மறுநாள் ஓய்வு உண்டு, இங்கே ஓய்வே இல்லை. காது மூக்கு தொண்டை மருத்துவர் பார்த்ததில் குரல் நாண்களில் வீக்கம் இருந்தது, முடிச்சு இல்லை.

மேடையில் ஏன் திக்கவில்லை

இதைக் குடும்பத்துக்கும் விளக்கினேன், அவருக்கும் விளக்கினேன். "பொம்பளயாப் பேசினா வருது, ஆம்பளயாப் பேசினா வரல, அப்ப நான் யாரு?" என்ற கேள்வி அவரைப் பல ஆண்டு அரித்திருக்கிறது. அதற்குப் பதில் தெரிவதே அவருக்குப் பாதி ஆறுதல்.

திக்கல் பயத்தால் வரும் நோய் அல்ல. பேச்சை ஒழுங்குபடுத்தும் மூளை வழிகள் சிலரிடம் கொஞ்சம் வேறாக இயங்குவதால் வருகிறது. பரம்பரைக்கும் அதில் பங்கு உண்டு. பயம் அதைக் கூட்டும், உண்டாக்காது. பெரியவர்களில் ஏறத்தாழ நூற்றுக்கு ஒருவருக்கு இருக்கிறது, பெண்களைவிட ஆண்களுக்கு நாலு மடங்கு அதிகம். பாடும்போது திக்காது. பலரோடு சேர்ந்து ஒரே வரியைச் சொல்லும்போது திக்காது. தாளத்துக்குப் பேசினால் குறையும். வேறு ஒருவராக, வேறு குரலில், வேறு வட்டார வழக்கில் பேசினால் பலருக்குக் காணாமலே போகும்.

கூத்து மேடையை எண்ணிப் பாருங்கள். பாட்டு இருக்கிறது. மிருதங்கமும் தாளமும் இருக்கின்றன. நடிகர் எடுக்கும் அடியைப் பின்பாட்டுக்காரர்கள் கூடவே வாங்கிப் பாடுகிறார்கள். வசனம் மனப்பாடம். குரலும் வேறு, ஆளும் வேறு. திக்கலைத் தற்காலிகமாகத் தணிக்கும் காரணங்கள் அத்தனையும் ஒரே இடத்தில் கூடியிருக்கின்றன. இவருக்குப் பேச்சு வந்தது பெண்ணாக மாறியதால் அல்ல. வீமன் வேஷம் கொடுத்திருந்தாலும் வந்திருக்கலாம், கிடைத்த முதல் வேஷம் தோழி.

வேஷம் திரைக்குப் பின்னால் நிற்கையில், கூத்தை நடத்திச் செல்லும் கட்டியக்காரன் "யாரம்மா, எந்தத் தேசம், பேரென்ன" என்று கேட்பது கூத்து மரபு. அந்தக் கேள்விக்கு நூறு மேடைகளுக்கு மேல் தடங்கலின்றிப் பதில் சொன்ன மனிதர், ஒரு மருத்துவமனைக் கவுன்ட்டரில் அம்மாவின் பெயரைச் சொல்ல முடியாமல் நின்றார். இதில் அவர் குற்றம் எதுவும் இல்லை.

எடுத்த முடிவுகளும் காரணங்களும்

பாலின அடையாளம் பற்றித் தனியாக, எந்த முடிவையும் முன்கூட்டி வைத்துக்கொள்ளாமல் கேட்டேன். பெண்ணாக வாழ விருப்பமா, உடம்போடு ஒவ்வாமை உண்டா, யாரிடம் ஈர்ப்பு என்றெல்லாம். பெண்ணாக உணர்ந்ததில்லை, வேஷம் கட்டுவது பிடிக்கும், அது தொழில், கலை, கௌரவம் என்று எழுதினார். இப்போதைக்கு இதுதான் பதில் என்றும், பிற்பாடு வேறாகத் தோன்றினால் அதையும் பேசலாம் என்றும் சொல்லி அதோடு விட்டோம்.

அண்ணனிடம் இன்னொன்றும் சொன்னேன். ஒருவேளை தம்பி திருநங்கையாகவே இருந்திருந்தாலும் அதை "மாற்ற" நாங்கள் முயன்றிருக்க மாட்டோம். உலக சுகாதார நிறுவனத்தின் ஐ.சி.டி-11 நோய்ப் பட்டியல் 2022-ல் நடைமுறைக்கு வந்தபோது, பாலின அடையாள வேறுபாடு மனநோய்ப் பகுதியிலிருந்து எடுக்கப்பட்டுவிட்டது. பாலினத்தையோ ஈர்ப்பையோ மருத்துவத்தின் பெயரால் மாற்ற முயல்வதைத் தடுக்கச் சொல்லிச் சென்னை உயர் நீதிமன்றம் 2021 ஜூனில் உத்தரவிட்டது. அண்ணனுக்கு இது உடனே ஒப்பவில்லை. மறுத்தும் பேசவில்லை.

அடுத்த முடிவு, கூத்தை நிறுத்தச் சொல்லக் கூடாது என்பது. குடும்பம் இதைத்தான் எதிர்பார்த்து வந்தது. ஆனால் அவருக்குச் சுயமதிப்பு மிச்சமிருந்த ஒரே இடம் அந்த மேடை. வேஷம் அவரைச் சோர்வாக்கவில்லை. வேஷத்தைக் கலைக்க முடியாமல் போனதுதான் சோர்வாக்கியது. மேடையில் பாஞ்சாலி யார் என்று ஊருக்கே தெரியும், அங்கே ஒளிவுமறைவு கிடையாது. போனில் "கடை அக்கா"வாக இருக்கும்போது ஒவ்வொரு நிமிடமும் மாட்டிக்கொள்ளும் பயம். வாடிக்கையாளர்களாக வந்த பெண்கள் சிலர் தங்கள் வீட்டுத் துயரத்தை அந்த அக்காவிடம் கொட்டியிருக்கிறார்கள். அவர்களை ஏமாற்றுகிறேன் என்ற குற்ற உணர்வு இவரைத் தின்றது. சில ஆண்கள் ராத்திரியில் அழைத்து ஆபாசமாகப் பேசியதையும் யாரிடமும் சொல்ல முடியாமல் விழுங்கியிருக்கிறார்.

அமெரிக்க உளவியலாளர் ஜோசப் ஷீஹன் திக்கலைப் பனிப்பாறையோடு ஒப்பிட்டார். காதில் விழுகிற திக்கல் நீருக்கு மேலே தெரியும் சின்னத் துண்டு, வெட்கமும் பயமும் தவிர்ப்பும் நீருக்குள் இருக்கும் பெரும் பகுதி. இவரிடம் மேல் துண்டுகூட வெளியே தெரியவில்லை. எனவே சிகிச்சையின் இலக்கைத் "திக்காமல் பேசுவது" என்று வைக்காமல், "ஒளியாமல் பேசுவது" என்று வைத்தோம். புதுச்சேரியில் உள்ள பேச்சுப் பயிற்சியாளர் ஒருவரும் நானும் சேர்ந்து இதை முடிவு செய்தோம். திக்கல் முற்றிலும் போகும் என்ற வாக்குறுதியை இருவரும் தரவில்லை. பெரியவர்களுக்கு அப்படி உறுதி கொடுப்பவர்களை நம்ப வேண்டாம் என்பது என் கருத்து.

அவருடைய பெரிய பயம் வேறு. "சொந்தக் குரல்ல திக்கிப் பேசப் பழகிட்டா, அந்தத் திக்கல் மேடைக்கும் வந்துட்டா?" வராது என்று நாங்கள் சொல்லவில்லை. வந்தால் என்ன செய்வது என்பதையும் திட்டத்தில் சேர்த்தோம்.

நடந்தவை

குரலுக்கு ஓய்வு என்ற மருத்துவர் சீட்டு முதலில் கைகொடுத்தது. அதைக் காட்டிக் கடையில் போன் வேலையிலிருந்து சில வாரம் விலக முடிந்தது.

பேச்சுப் பயிற்சி, திக்கலை உற்றுப் பார்ப்பதிலிருந்து தொடங்கியது. எந்த எழுத்தில் அடைக்கிறது, உதட்டிலா தொண்டையிலா, மூச்சு எங்கே நிற்கிறது என்று கண்ணாடி முன் பார்ப்பது. பதினைந்து வருடமாகத் தன் வாயைக் கண்ணாடியில் பேசும் நிலையில் பார்த்ததில்லை என்றார். அடைப்பு வந்தால் முட்டி மோதாமல், அந்த இறுக்கத்தைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தளர்த்தி வெளியேறுவது எப்படி என்று பயிற்சியாளர் சொல்லிக்கொடுத்தார்.

பிறகு வந்ததுதான் கடினம்: வேண்டுமென்றே திக்குவது. சார்லஸ் வான் ரைப்பர், ஷீஹன் போன்றவர்கள் பயன்படுத்திய பழைய முறை இது. யாருக்கும் தெரியக் கூடாது என்று காத்த ஒன்றை நாமே முன்வந்து காட்டினால் பயத்தின் பிடி தளரும். வீட்டில் அண்ணியிடம் தொடங்கினார். அடுத்து மஞ்சக்குப்பத்தில் ஒரு டீக்கடை. அடுத்து கடலூர் பேருந்து நிலையத்தில், நெல்லிக்குப்பம் பஸ் எது என்று முன்பின் தெரியாதவரிடம் கேட்பது. நானும் கொஞ்சம் தள்ளி நின்றேன். "நெ" என்ற எழுத்தை நீட்டி நீட்டிச் சொன்னார். கேட்ட பெரியவர் காத்திருந்து, "அந்தா நிக்குது தம்பி, ஓடு" என்றார். ஓடாமல் என் பக்கம் திரும்பி வந்தார். முகத்தில் குழப்பம். அவர் எதிர்பார்த்த சிரிப்பு வரவே இல்லை.

எல்லா நாளும் அப்படி இல்லை. ஒரு கடையில் பையன்கள் அப்படியே நடித்துக் காட்டினார்கள். அன்று வீட்டுக்குப் போய் இரண்டு நாள் யாரோடும் பேசவில்லை, பயிற்சிக்கும் வரவில்லை. அண்ணி வந்து நடந்ததைச் சொன்னார். அவர் வீட்டுக்கே போய்ப் பேசினோம். அந்த நாளுக்கு என்ன பெயர் வைப்பது, எவ்வளவு வலித்தது என்பதை மட்டும் கேட்டோம், புத்தி சொல்லவில்லை. அடுத்த வாரம் வந்தார்.

போனுக்கு ஒரு வரிசை போட்டோம். முதலில் அண்ணியின் அழைப்பைச் சொந்தக் குரலில் எடுப்பது. அப்புறம் ஜமா நண்பர். பிறகு கேஸ் ஏஜென்சி. கடைசியில் வங்கி. அழைத்ததும் "எனக்குத் திக்கும், கொஞ்சம் பொறுத்துக்கங்க" என்று முதல் வாக்கியத்திலேயே சொல்லிவிடச் சொன்னோம். ஒளிக்க வேண்டிய பாரம் அந்த ஒரு வாக்கியத்திலேயே இறங்கிவிடுகிறது. வங்கி அழைப்பு முடிந்த அன்று மாலை எனக்கு ஒரு குரல் பதிவு அனுப்பினார், சொந்தக் குரலில். நீளமான பதிவு, சொன்ன விஷயம் சின்னது. முழுவதும் கேட்டேன்.

கடையில் நடந்தது முழு மகிழ்ச்சி அல்ல. முதலாளியிடம் உண்மையைச் சொல்லி, இனிமேல் தன் குரலில்தான் பேசுவேன் என்றார். முதலாளி கெட்டவர் இல்லை, ஆனால் வியாபாரம் பார்த்தார். சில வாடிக்கையாளர்கள் ஆண்குரலும் திக்கலும் கேட்டு போனை வைத்துவிட்டார்கள். இவரை மறுபடி பார்சல் பக்கம் மாற்றினார், சம்பளமும் குறைந்தது. வருமானக் குறைவை மனதில் வைத்துத்தான் இந்த முடிவை அவர் எடுத்தார். பிறகு வாட்ஸ்அப் எழுத்து ஆர்டர்களை அவர் பார்த்துக்கொள்ளும் ஏற்பாடு வந்தது.

ஜமா வாத்தியாரைச் சந்தித்தேன். அறுபது தாண்டியவர். "திக்குறது எனக்குத் தெரியும்மா. அதனாலதான் வசனத்தக் கொறச்சுப் பாட்டா, விருத்தமாக் குடுத்தேன்" என்றார். இவ்வளவு வருடம் மற்றவருக்குத் தெரியாமல் காத்த ரகசியத்தை அந்த மனிதர் முதல் நாளே அறிந்து, அதற்கேற்ப வேஷத்தை வடிவமைத்திருக்கிறார். இதை இளைஞரிடம் சொல்ல வாத்தியாரையே கேட்டுக்கொண்டேன். சொன்னார். இளைஞர் அழுதார்.

அந்தப் பங்குனியில் கூத்து மறுபடி தொடங்கியது. ஒரு இரவு, வசனத்தின் நடுவில் அவர் பயந்தது நடந்தது. பெண்குரலிலேயே அடைத்தது. பின்பாட்டுக்காரர்களிடம் முன்பே பேசிவைத்திருந்தோம், அவர்கள் அந்த அடியை எடுத்துக் கொடுத்தார்கள், இவர் சேர்ந்துகொண்டார். வசனம் ஓடியது. விடியும்வரை ஆடி முடித்துவிட்டு வந்தார்.

ஓராண்டு நிலை

மனச்சோர்வு மதிப்பெண் 16-லிருந்து 6-க்கு இறங்கியது. சாவு எண்ணம் இல்லை. மருந்தை மருத்துவர் மெல்லக் குறைத்து நிறுத்தினார். குரல் நாண் வீக்கம் வடிந்தது.

திக்கல் குறைந்ததா? பேச்சுப் பயிற்சியாளரின் பதிவுப்படி முதல் சில மாதங்களில் கூடியது. ஒளிந்திருந்தது வெளியே வந்ததால் கூடியது. பிறகு இறுக்கம் தளர்ந்தது, அடைப்பின் நீளம் குறைந்தது, எண்ணிக்கை பெரிதாக மாறவில்லை. குடும்பத்துக்கு இதைப் புரியவைப்பதுதான் எங்களுக்கு அதிக நேரம் எடுத்தது. "முன்னாடி அமைதியா இருந்தான், இப்பதான் திக்குறான், என்ன வைத்தியம் இது" என்று அண்ணன் கேட்டார். முன்பு மருத்துவமனையில் நடந்ததைத் தம்பியே, திக்கித் திக்கி, அண்ணனுக்குச் சொன்னார். சொல்லி முடிக்க வெகுநேரம் ஆனது. அண்ணன் குறுக்கே பேசாமல் கேட்டது அதுவே முதல் தடவை என்று அண்ணி சொன்னார்.

கல்யாணப் பேச்சு திரும்ப வரவில்லை. இனி பெண் பார்க்கப் போனால் திக்கலையும் கூத்தையும் முதலிலேயே சொல்லிவிட்டுத்தான் போவது என்று முடிவு செய்திருக்கிறார். ஊர்ப் பேச்சு ஓயவில்லை, டீக்கடைக் கிண்டல் இன்னும் இருக்கிறது. திக்கல் உள்ளவர்கள் நடத்தும் சுய உதவிக் குழு ஒன்றின் இணையச் சந்திப்பில் மாதம் ஒருமுறை கலந்துகொள்கிறார்.

லேடி வாய்ஸை முழுக்க விட்டுவிட்டாரா என்றால் இல்லை. ரொம்ப அவசரத்தில், உடம்பு முடியாதபோது, தெரியாத இடத்துக்குப் போன் செய்ய இன்னும் சில சமயம் பயன்படுத்துகிறார். செய்துவிட்டு வந்து சொல்கிறார். முன்பு வேறு வழியின்றிச் செய்தார், இப்போது தேர்ந்து செய்கிறார். அதை நாங்கள் தவறாகப் பார்க்கவில்லை.

இனி மாற்ற விரும்புபவை

பெண்குரலில் பேசும் ஆண் என்று ஒருவரை அழைத்து வந்தால், பாலினம் பற்றிய கேள்விகளோடு, சொந்தக் குரலில் பேச முடிகிறதா என்ற கேள்வியையும் முதல் சந்திப்பிலேயே எங்கள் படிவத்தில் சேர்த்திருக்கிறோம். பேசாத ஒருவருக்கு எழுதியோ செய்தி அனுப்பியோ உதவி கேட்கும் வழி மனநலச் சேவைகளில் இருக்க வேண்டும். குரலை மட்டுமே நம்பிய உதவி எண்கள் இவரைப் போன்றவர்களை வெளியே நிறுத்திவிடுகின்றன. மருத்துவமனைக் கவுன்ட்டரில் ஒரு தாளும் பேனாவும் வைப்பதற்குச் செலவே இல்லை.

கூத்து வாத்தியார்களை ஆரம்பத்திலேயே சேர்த்துக்கொள்வது பயனுள்ளது. வீட்டாருக்கும் ஆலோசகருக்கும் தெரியாதது அவர்களுக்குத் தெரிந்திருக்கிறது. பெண் வேஷக் கலைஞர்களுக்கு வரும் ஆபாச அழைப்புகளையும் சீண்டல்களையும் ஜமாவுக்குள் பேசும் பழக்கம் வர வேண்டும். இந்த ஜமாவில் இப்போது கலைஞர்களின் சொந்த எண்களைக் கூத்து நோட்டீஸில் போடுவதில்லை, வாத்தியார் எண் மட்டும்தான்.

பள்ளிகளில் வருகைப் பதிவுக்குக் கை உயர்த்துவதை அனுமதித்தால் போதும், நிறையக் குழந்தைகளின் காலை நேரம் மாறும். குழந்தைக்கு ஆறு மாதத்துக்கு மேல் திக்கல் நீடித்தாலோ, பேசும்போது முகம் இறுகினாலோ, பேசத் தயங்கினாலோ பேச்சுப் பயிற்சியாளரிடம் காட்ட வேண்டும். காத்திருந்து பார்க்கலாம் என்று பள்ளி வயது தாண்டவிடக் கூடாது. இந்த ஆண்டு அதே ஜமாவிலிருந்து ஏழு வயதுப் பையன் ஒருவனை அவனுடைய அம்மா எங்களிடம் அழைத்து வந்தார். அனுப்பியவர் பாஞ்சாலி வேஷக்காரர். பையனுக்குப் புதுச்சேரியில் பயிற்சி தொடங்கியிருக்கிறது.